ஆல்ப்ஸ் பூவும் இரண்டாம் கட்டுக் காரையும்

கார்த்திகையில் ஆல்பைன் ஆஸ்டர் விதை வாங்கினேன். நடுவே மஞ்சள், சுற்றிலும் ஊதா. செவ்வந்திக்குத் தங்கை மாதிரி இருக்கும். தண்டுக்கு ஒரே பூ, உயரம் ஒரு சாண். ஆல்ப்ஸில் 1500 மீட்டருக்கு மேலே, சுண்ணாம்புப் பாறை இடுக்குகளில் வளர்வது. அதைக் காரைக்குடியில் வளர்க்க நினைத்தது என் கொழுப்பு.

பனிக்காலம் கழிந்ததாக விதை நம்பட்டும் என்று, ஈர மணலில் கலந்து மூன்று வாரம் ஃபிரிட்ஜில் வைத்தேன். அப்பத்தா டப்பாவைத் திறந்து பார்த்துவிட்டு, "ஏண்டா, மண்ணையா மாவுக்குப் பக்கத்துல வச்சிருக்கே?" என்றார்.

மண் கலவைக்குத்தான் ரொம்ப யோசித்தேன். இங்குள்ள செம்மண்ணில் சுண்ணாம்புச் சத்து குறைவு. வீட்டின் இரண்டாம் கட்டில், அதாவது உள்முற்றப் பகுதியில், இடிந்த சுவரின் பழைய சுண்ணாம்புக் காரை குவிந்து கிடந்தது. சுண்ணாம்புக்கல்லைச் சுட்டு, நீற்றிப் பூசினால், அது வருடக்கணக்கில் காற்றிலுள்ள கரியமில வாயுவை வாங்கி மறுபடி சுண்ணாம்புக்கல்லாகவே ஆகிவிடும். அதனால் பழைய காரை வேரைச் சுடாது. புதுச் சுண்ணாம்பு என்றால் செடி காலி. நொறுக்கிச் சலித்து, பொடி ஜல்லியோடு பாதிக்குப் பாதி கலந்தேன். தண்ணீர் ஊற்றினால் நிற்காமல் ஓடியது. இதில் மட்டும் எனக்கு முழுத் திருப்தி.

மார்கழியில் 30 விதைக்கு 11 முளைத்தன. தையில் வளவு (நடு முற்றம்) ஓரத்துக் காலை வெயிலில் வைத்தேன், நான்கைந்து இலை விட்டன. மாசியில் மூன்று நாற்று அடித்தண்டு கறுத்துச் சாய்ந்தன. சாயங்காலம் தண்ணீர் ஊற்றியது என் தப்பு.

பங்குனியில்தான் வினை. மலையிலும் பகல் வெயில் கடிக்கும்; ஆனால் 1000 மீட்டர் ஏறினால் ஏறக்குறைய 6.5 டிகிரி குறையும், ராத்திரி நன்றாகக் குளிரும். பகலில் செய்த சர்க்கரையைச் செடி சேமித்துக்கொள்ளும். நம் ஊர்ப் புழுக்க ராத்திரியில் மூச்சு விட்டே அதைச் செலவழித்துவிடுகிறது. பானைக்குள் பானை வைத்து, நடுவே ஈர மணல் போட்டுப் பார்த்தேன். மத்தியானம் கொஞ்சம் குளிர்ந்தது. ராத்திரி காற்றில் ஈரம் ஏறியதும் மணல் தண்ணீர் ஆவியாகவில்லை, குளிரவும் இல்லை. பங்குனி முடிவதற்குள் எட்டும் போயின.

தொட்டியை அப்படியே விட்டுவிட்டேன். சித்திரையில் தாத்தாப் பூ தானாக முளைத்துப் பூத்தது. அதுவும் செவ்வந்திக் குடும்பம்தான், ஆனால் வெப்ப நாட்டுச் செடி. அப்பத்தா குனிந்து பார்த்து, "பூத்துருச்சேடா!" என்றார். நான் ஆமாம் என்று சொல்லிவிட்டேன்.