ஜல்லி போய் கடப்பாக்கல் வந்தது

கேட்டிலிருந்து கார் நிறுத்தும் இடம் வரை நாற்பது அடி. ஏழு வருடமாக அங்கே முக்கால் இஞ்ச் ஜல்லிதான். ஒவ்வொரு ஐப்பசிக்கும் டயர் போகிற தடத்தில் குழி விழும், பாதி ஜல்லி தெருவுக்குப் போய்விடும், மறுபடி ஒரு லோடு இறக்குவோம். அம்மாவுக்கு வாக்கர் வந்த பிறகு அதில் பத்தடி நடக்கவே அவர் பயந்தார். சரி, இனி தள்ளிப்போடக்கூடாது என்று கல் பதிக்க முடிவெடுத்தோம்.

இரண்டு இஞ்ச் கனத்தில், மேல்பக்கம் சொரசொரப்பாக இருக்கிற கடப்பாக்கல் எடுத்தோம். வீட்டுக்குள் போடுகிற மெல்லிய கல் கார் ஏறினால் உடைந்துவிடும். பழைய ஜல்லியை மண் போக அலசி அடி கான்கிரீட்டுக்கே போட்டுவிட்டார் மேஸ்திரி, அந்தச் செலவு மிச்சம். மீட்டருக்கு இரண்டு சென்டிமீட்டர் வாட்டம் வைத்து, தண்ணீர் தெருவுக்குப் போகாமல் ஓரத்து மழைநீர்க் குழியில் இறங்கும்படி செய்தோம். பதித்த ஒவ்வொரு கல்லையும் தட்டிப் பாருங்கள். டொப்பென்று சத்தம் வந்தால் அடியில் கலவை நிரம்பவில்லை, அன்றைக்கே எடுத்துத் திரும்பப் பதிக்கச் சொல்லுங்கள்.

சிமென்ட் கறை போக ஆசிட் ஊற்றிக் கழுவலாம் என்றார்கள். நான் விடவில்லை. கடப்பாக்கல் சுண்ணாம்புக் கல், ஒரு உடைந்த துண்டில் இரண்டு சொட்டு விட்டுக் காட்டினேன், நுரைத்துக்கொண்டு வந்து கல்லின் முகமே வெளுத்துப்போனது. அப்புறம் பிரஷும் தண்ணீரும்தான்.

கல்லில் தண்ணீர் ஊறாமல் இருக்க மேலே அடிக்கிற சீலர் விஷயத்தில்தான் அடி வாங்கினோம். பதித்த நான்காம் நாளே, ஈரம் காயுமுன், பளபளப்பு தருகிற அக்ரிலிக் சீலரை அடித்துவிட்டுப் போனார் அதற்கென்று வந்த ஆள். கீழேயிருந்த ஈரம் வெளியேற வழியில்லாமல் ஒரே வாரத்தில் திட்டுத் திட்டாக வெள்ளை பூத்தது, தண்ணீர் பட்டால் வழுக்கவும் செய்தது. வாக்கரோடு நடக்கிறவருக்காகப் போட்ட தரை வழுக்கினால் எப்படி இருக்கும்! மொத்தத்தையும் ரிமூவர் போட்டுச் சுரண்டி, ஒரு மாதம் காயவிட்டு, கல்லுக்குள் இறங்கி மேலே படலம் கட்டாத சிலேன் சிலாக்சேன் வகை சீலரை இரண்டு கோட் அடித்தோம். பளபளப்பு கிடையாது, நிறமும் மாறவில்லை, ஆனால் தண்ணீர் ஊற்றினால் முத்து முத்தாக நிற்கிறது.

போன வாரம் மழை விட்டதும் கீரைக்காரம்மா குரல் கேட்டு அம்மா தானே கேட் வரை போய் வாங்கிவந்தார்.