ஷேடு பார்க்கிறவர்களின் கண்

துணிக்குச் சாயம் ஏற்றும் தொழிலில் ரொம்ப காலமாக இருக்கிறேன், அதில் பெரும்பகுதி லேபில், ஷேடு மேட்சிங்கில். வாடிக்கையாளர் ஒரு துண்டுத் துணியை அனுப்பி "இதே கலர் வேணும்" என்பார். நாங்கள் சாயங்களை அளந்து கலந்து சின்னதாக ஒரு லேப் டிப் (சின்னத் துண்டில் சாயம் ஏற்றிப் பார்க்கிற மாதிரி) போட்டுப் பார்த்து, அது ஒத்துவருகிற வரைக்கும் ரெசிபியை மாற்றிக்கொண்டே இருப்போம். சொல்ல எளிதான வேலைதான். ஆனால் இங்கே நடக்கிற சண்டைகளில் பெரும்பாலானவை சாயத்தைப் பற்றியவை அல்ல, கண்ணைப் பற்றியவை. ஒருவர் "ரெட்டிஷா இருக்கே" என்பார், பக்கத்தில் நிற்பவர் "எனக்கு கிரீனிஷாத்தானே தெரியுது" என்பார். ஒரே துணி, ஒரே விளக்கு. உடனே யாருக்கு அனுபவம் அதிகம், யார் கண் சரியில்லை என்று பேச்சு திசைமாறிவிடும். பல சமயம் இரண்டு பேர் சொல்வதுமே சரியாக இருக்கும், அதுதான் இதில் சிக்கல்.

நிறத்தைப் பார்க்க நம் விழித்திரையில் மூன்று வகைக் கூம்பு செல்கள் இருக்கின்றன. ஒன்று 420 நானோமீட்டர் பக்கம் உள்ள ஒளியை அதிகம் பிடிக்கும், அடுத்தது 530, மூன்றாவது 560. நீலம், பச்சை, சிவப்பு என்று சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம், ஆனால் அந்த 560 சிவப்பே கிடையாது, மஞ்சள் கலந்த பச்சை. பச்சை, சிவப்புக் கூம்புகள் இரண்டுக்கும் நடுவே இருப்பது வெறும் 30 நானோமீட்டர்தான், அந்த இடைவெளியை வைத்துக்கொண்டுதான் தக்காளிச் சிவப்பையும் இலைப் பச்சையையும் மூளை பிரித்துக் காட்டுகிறது. இன்னொன்று, ஒரு கூம்பு செல்லுக்குத் தன்மேல் விழுந்தது எந்த அலைநீளம் என்று தெரியாது. எவ்வளவு பிடித்தேன் என்பதை மட்டும்தான் அதனால் சொல்ல முடியும். ஆக, எவ்வளவு சிக்கலான ஒளி உள்ளே போனாலும் மூளைக்குக் கிடைப்பது மூன்று எண்கள்.

எங்கள் ஸ்பெக்ட்ரோபோட்டோமீட்டர், அதாவது எந்த அலைநீள ஒளியைத் துணி எவ்வளவு திருப்பி அனுப்புகிறது என்று அளக்கிற மெஷின், 400 முதல் 700 நானோமீட்டர் வரை பத்துப் பத்தாக அளந்தால் ஒரு துணிக்கு 31 எண்கள் தரும். கண்ணுக்கு மூன்றுதான். 31-ஐ மூன்றாகச் சுருக்கும்போது வேறு வேறு 31 எண் வரிசைகள் ஒரே மூன்றில் வந்து முடிவதற்கு நிறைய வாய்ப்பு இருக்கிறது. இதைத்தான் மெட்டாமெரிசம் என்கிறோம். இது இல்லையென்றால் செல்போன் திரையில் மஞ்சள் நிறமே வராது, மஞ்சளுக்காக அங்கே எரிவது சிவப்புப் புள்ளியும் பச்சைப் புள்ளியும்தான். திரை செய்பவர்களுக்கு வரமாக இருப்பது எங்களுக்குத் தலைவலி.

நேவி ப்ளூவில் இது நன்றாகத் தெரியும். வாடிக்கையாளரின் ஸ்டாண்டர்டு (நாங்கள் ஒத்துப்போக வேண்டிய மாதிரி) பாலியஸ்டர் துணி, நாங்கள் போடுவது காட்டன். இரண்டுக்கும் சாயக் குடும்பமே வேறு. விளக்கை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்க்கிற லைட் பாக்ஸுக்குள் இரண்டையும் ஓரம் ஒட்டி, இடைவெளி இல்லாமல் வைத்து, டி65 சுவிட்சைப் போட்டால் (பகல் வெளிச்சத்துக்குப் பதிலாக வைத்திருக்கிற 6500 கெல்வின் விளக்கு) ஓரம் எங்கே இருக்கிறது என்று தேட வேண்டியிருக்கும், அப்படிச் சேர்ந்து உட்கார்ந்திருக்கும். அடுத்து டிஎல்84, அதாவது கடை விளக்கு. கொஞ்சம் விலகும், சமாளித்துக்கொள்ளலாம். அப்புறம் ஏ சுவிட்ச், பழைய குண்டு பல்பின் வெளிச்சம். அதைத் தட்டிய நொடியில் எங்கள் துணி மட்டும் ஊதாப் பக்கம் சாய்ந்து சிவந்து நிற்கும், வாடிக்கையாளரின் துணி நீலமாகவே இருக்கும். யாரும் துணியைத் தொடவில்லை. புதிதாகச் சேர்ந்தவர்கள் இதைப் பார்த்துவிட்டு சுவிட்சை மாற்றி மாற்றித் தட்டிக்கொண்டே இருப்பார்கள், நான் தடுப்பதில்லை. "எது சார் நிஜக் கலர்?" என்று கட்டாயம் ஒருவர் கேட்பார். நிஜக் கலர் என்று துணியில் ஒன்றும் இல்லை, துணியில் இருப்பது அந்த 31 எண்கள்தான், மிச்சமெல்லாம் விளக்கும் கண்ணும் சேர்ந்து செய்வது என்று சொல்வேன். பாதிப் பேர் நம்ப மாட்டார்கள்.

சரி, விளக்கை நிர்ணயித்துவிட்டோம், கண்ணை நிர்ணயிக்க முடியுமா? 1931-ல் சிஐஇ என்கிற சர்வதேச ஒளியூட்டல் ஆணையம் அதைத்தான் செய்தது. ரைட், கில்டு என்ற இரண்டு ஆய்வாளர்களில் ரைட் 10 பேரை வைத்தும் கில்டு 7 பேரை வைத்தும் தனித்தனியாக நடத்திய நிறப் பொருத்தச் சோதனைகளைச் சேர்த்து "ஸ்டாண்டர்டு அப்சர்வர்" என்று ஒரு சராசரிக் கண்ணை உருவாக்கினார்கள். மொத்தம் 17 பேர். பிறகு 1964-ல் இன்னும் பெரிய பார்வைப் பரப்புக்காக இன்னொரு சராசரிக் கண் வந்தது. இன்றைக்கும் மெஷின் "பாஸ்" என்று காட்டினால் அது இந்தச் சராசரி ஆள் சொல்கிற பாஸ்தான். அந்த ஆள் எந்த ஊரிலும் இல்லை, எந்த ஆர்டருக்கும் கையெழுத்துப் போடப் போவதில்லை. மெஷின் பாஸ் போட்டதை வாடிக்கையாளர் ஃபெயில் செய்கிறபோது லேபில் கோபப்படுவார்கள், எனக்கு அந்தக் கோபம் வருவதில்லை.

நிஜமான கண்கள் அந்தச் சராசரியிலிருந்து எவ்வளவு விலகும் என்பது தனிக் கதை. சிவப்பு, பச்சைக் கூம்புகளுக்கான மரபணுக்கள் எக்ஸ் குரோமோசோமில் இருக்கின்றன. ஆண்களுக்கு அது ஒன்றே ஒன்று, அதில் கோளாறு இருந்தால் ஈடுகட்ட இன்னொன்று இல்லை. ஐரோப்பிய வம்சாவளி ஆண்களில் சுமார் 8 சதவீதம் பேருக்கு ஏதோ ஒரு அளவில் சிவப்பு-பச்சைக் குறை உண்டு, பெண்களில் அரை சதவீதம் அளவுக்குத்தான். அணுக் கொள்கையைச் சொன்ன ஜான் டால்டனுக்கே இது இருந்தது, 1794-ல் அதைப் பற்றிக் கட்டுரை வாசித்தார். தன் கண்ணுக்குள் இருக்கும் திரவம் நீலமாக இருப்பதால்தான் இப்படி என்று நினைத்த அவர், இறந்த பிறகு கண்ணைத் திறந்து பார்க்கச் சொல்லிவிட்டுப் போனார். 1844-ல் பார்த்தார்கள், திரவம் தெளிவாகத்தான் இருந்தது. பத்திரப்படுத்தி வைத்திருந்த கண் திசுவை 1995-ல் மரபணுச் சோதனை செய்தபோது பச்சைக் கூம்புக்கான நிறமி அவருக்கு இல்லை என்று தெரியவந்தது. குறை இல்லாதவர்களும் ஒரே மாதிரி இல்லை. சிவப்புக் கூம்பின் புரதத்தில் ஒரேயொரு அமினோ அமிலம் மாறினால் உச்சம் சில நானோமீட்டர் தள்ளிப்போகும், அப்படி மாறியவர்கள் சாதாரணமாக நம்மோடுதான் நடமாடுகிறார்கள். டி65-ல் ஒருவருக்குச் சேர்ந்து தெரிகிற நேவி இன்னொருவருக்குச் சேராமல் போவதற்கு இதுவே போதும்.

இஷிஹாரா புள்ளிப் படங்களில் எண்ணைச் சரியாக வாசித்துவிட்டால் கலர் வேலைக்குத் தகுதி என்று பல இடங்களில் எடுத்துக்கொள்கிறார்கள். போதாது. அது சிவப்பு-பச்சைக் குறையைத்தான் பிடிக்கும், நீல-மஞ்சள் பக்கம் அது பார்ப்பதே இல்லை. ஃபார்ன்ஸ்வொர்த்-மன்செல் 100 ஹியூ சோதனை பரவாயில்லை. பேர்தான் 100, வில்லைகள் 85. அவற்றை நிற வரிசையில் அடுக்க வேண்டும், எங்கே தடுமாறுகிறோம் என்பது வரைபடத்தில் வந்துவிடும். எங்களிடம் ஒருவருக்குப் பச்சைப் பக்கம் லேசான குறை இருந்தது. டோன் பார்க்க அவரைக் கூப்பிட மாட்டோம், ஆனால் துணியில் பட்டை விழுந்திருக்கிறதா, திட்டுத் திட்டாக ஏறியிருக்கிறதா என்று பார்ப்பதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. கலர் குறுக்கே வராததால் வெளுப்பு-அழுத்தம் அவருக்குப் பளிச்சென்று தெரிந்தது என்றுதான் நினைக்கிறேன்.

வயதும் ஒரு கணக்கு. கண்ணின் லென்ஸ் வருடங்கள் போகப் போக மஞ்சளாகி நீல ஒளியைத் தடுக்கும், ஆனால் மெதுவாக நடப்பதால் மூளை அதற்கேற்பச் சரிசெய்துகொண்டே வரும், ஆளுக்கே தெரியாது. எங்கள் மாஸ்டர் ஒரு கண்ணில் கண்புரை ஆபரேஷன் செய்துகொண்டு வேலைக்கு வந்தார். வந்ததும் ஒரு வெள்ளைத் துணியை எடுத்து ஒவ்வொரு கண்ணாக மூடிப் பார்த்தார். "தம்பி, இந்தக் கண்ல வெள்ளை, அந்தக் கண்ல பழுப்பு. இத்தனை வருஷமா நான் ரெண்டு கண்லயும் பழுப்பைத்தான் வெள்ளைன்னு சொல்லிக்கிட்டு இருந்திருக்கேன் போல" என்று சிரித்தார். அடுத்த கண்ணுக்கும் ஆபரேஷன் முடிகிற வரைக்கும் வெள்ளை, ப்ளூ ஷேடுகளில் தானே ஒதுங்கிக்கொண்டார். அவரை யாரும் ஒதுங்கச் சொல்லவில்லை.

அக்கம்பக்கத்து நிறம் செய்கிற வேலையும் சாதாரணமானது அல்ல. 1824-ல் பாரிஸின் கோப்லன் திரைச்சீலை ஆலைக்குச் சாயப் பிரிவு இயக்குநராக வந்த செவ்ருல் என்ற வேதியியலாளருக்குக் கறுப்பு நூல் மங்கலாக இருக்கிறது என்று புகார் வந்தது. அவர் சாயத்தைச் சோதித்தார், சாயத்தில் குறை இல்லை. பக்கத்தில் நெய்திருந்த நீலமும் ஊதாவும் கறுப்பை அப்படிக் காட்டின. இதனால்தான் லைட் பாக்ஸ் உள்ளே மந்தமான சாம்பல் நிறம், லேபில் சாம்பல் கோட்டு. பளிச்சென்ற ஆரஞ்சு டீசர்ட்டோடு யாராவது வந்து பாக்ஸ் முன் குனிந்தால் பின்னால் தள்ளி நிற்கச் சொல்வேன், முகம் சுளிப்பார்கள், பரவாயில்லை. வரிசையாகச் சிவப்பு லாட்களைப் பார்த்துவிட்டு உடனே பேஜ் (வெளிர் பழுப்பு) ஷேடைப் பார்த்தால் அது பச்சை கலந்து தெரியும், சிவப்பைப் பிடித்துச் சலித்த கூம்புகள் ஓய்வெடுப்பதுதான் காரணம். வெளிர் நிறங்களை முதலிலும் அழுத்தமானவற்றைக் கடைசியிலும் பார்ப்போம்.

அளவு விஷயம் அதிகம் பேர் யோசிக்காதது. நாம் உற்றுப் பார்க்கும்போது படம் விழுகிற விழித்திரையின் நட்ட நடுவில் நீலக் கூம்புகளே இல்லை. அதனால் ரொம்பச் சின்னத் துண்டில் நீலம்-மஞ்சள் பக்க வித்தியாசம் கண்ணுக்குத் தப்பிவிடும். நாலு நூலை டேப் போட்டு ஒட்டி "இதுதான் ஸ்டாண்டர்டு" என்று அனுப்புகிறவர்களிடம் உள்ளங்கை அளவாவது துணி கேட்பது அதனால்தான். நூலில் பொருந்திய மஞ்சள், மீட்டர் கணக்கில் விரித்ததும் வேறு மஞ்சளாக வந்து நிற்பதை நிறையப் பார்த்தாகிவிட்டது.

கடைசியாக டெல்டா ஈ. இரண்டு நிறத்துக்கு இடையிலான தூரத்தை ஒரே எண்ணில் சொல்வது, பல இடங்களில் 1-க்குள் வந்தால் பாஸ். ஆனால் கண் எல்லா நிறத்திலும் ஒரே கூர்மையோடு இல்லை. 1942-லேயே மெக்கடம் என்ற ஆய்வாளர் 25 நிறங்களைச் சுற்றி, வித்தியாசம் தெரியாத எல்லையை ஒரேயொரு பார்வையாளரை வைத்து அளந்து நீள்வட்டங்களாக வரைந்து காட்டினார், பச்சைப் பக்கம் பெரிய வட்டம், நீலப் பக்கம் குட்டி வட்டம். டெல்டா ஈ-யைக் கணக்கிடும் 1976 சிஐஇலேப் சூத்திரம் இதை ஓரளவுதான் சரிசெய்தது. அந்தக் கணக்கில் பார்த்தால் 1-க்குக் கீழே வந்த க்ரே ஷேடை லேபில் எல்லோரும் ஒரே குரலில் ஃபெயில் என்பார்கள், 1-ஐத் தாண்டிய ஆரஞ்சை யாரும் ஏறெடுத்துப் பார்க்க மாட்டார்கள். சாயத் தொழில்காரர்கள் 1984-ல் சிஎம்சி சூத்திரத்தைக் கொண்டுவந்த பிறகு நிலைமை தேவலை. ஆனாலும் க்ரேயும் பேஜும் இன்றைக்கும் எங்களை அழவைக்கிற ஷேடுகள்தான், சிவப்பு எவ்வளவோ மேல்.

அதனால் எந்த விளக்கு, எந்தச் சூத்திரம், 1931 அப்சர்வரா 1964 அப்சர்வரா என்று மூன்றையும் எழுத்தில் வாங்காமல் லேப் டிப் தொடங்குவதில்லை. ஒரு வாடிக்கையாளர் மூன்றுக்கும் சேர்த்து "நல்ல வெளிச்சத்தில் பார்த்தால் போதும்" என்று பதில் எழுதியிருக்கிறார். எந்த வெளிச்சம் என்று திருப்பிக் கேட்டிருக்கிறோம்.