யோனெசாவாவின் கடன்காரப் பிரபு

ஏப்ரல் 12

டைம்யோ, அதாவது பழைய ஜப்பானின் நிலப்பிரபு, என்றாலே வாளும் கவசமும்தான் நினைவுக்கு வரும். இப்போது நான் படித்துக்கொண்டிருக்கும் ஆள் வேறு ரகம். உயெசுகி ஹருனோரி. பிற்காலத்தில் வைத்துக்கொண்ட யோசான் என்ற பெயரே நிலைத்துவிட்டது. வாழ்நாள் முழுக்க அவர் மல்லுக்கட்டியது கடனோடு.

கியூஷுவின் தகானாபே என்ற சின்ன சமஸ்தானத்துப் பிள்ளை. 1751-இல் எடோவில் (இன்றைய டோக்கியோ) பிறந்து, உயெசுகி வீட்டுக்குத் தத்து போய், 1767-இல் வட ஜப்பானின் யோனெசாவா சமஸ்தானத்துக்கு அதிபதியானார். வந்து சேர்ந்த சொத்தோ பெருங்காயம் வைத்த வெறும் டப்பா. ஒருகாலத்தில் 12 லட்சம் கொக்கு (ஜப்பானிய அரிசி அளவை) விளைச்சல் இருந்த குடும்பம். செக்கிகாஹாராப் போரில் தோற்ற தரப்போடு நின்றதால் 1601-இல் 3 லட்சம் ஆனது. 1664-இல் பிரபு வாரிசில்லாமல் திடீரென இறக்க, 1.5 லட்சம். சாமுராய்க் குடும்பங்களை மட்டும் பெரிதாகக் குறைக்கவே இல்லை, ஐயாயிரத்துக்கு மேல். கடன் சுமார் 2 லட்சம் ரியோ (அக்காலத் தங்க நாணயம்). முந்தைய பிரபு சமஸ்தானத்தையே ஜப்பானை ஆண்ட ராணுவத் தலைவரான ஷோகுனிடம் ஒப்படைத்துவிடலாமா என்று யோசித்திருக்கிறார்!

ஏப்ரல் 14

சிக்கனக் கதைகளை எல்லோரும் சொல்கிறார்கள். பருத்தி உடை, சாப்பாட்டுக்கு ஒரு சூப்பும் ஒரு தொடுகறியும், பணிப்பெண்கள் ஐம்பதிலிருந்து ஒன்பது பேர். எடோ வீட்டில் அவருடைய சொந்தச் செலவு ஆண்டுக்கு 1500 ரியோவிலிருந்து 209 ஆனது. சரி, கணக்குப் போட்டுப் பார்த்தேன். மிச்சம் 1291. இதை மட்டும் வைத்து 2 லட்சத்தை அடைக்க, வட்டி போக, 150 வருடத்துக்கு மேல் ஆகும். ஆக, இந்தச் சிக்கனம் கடனை அடைக்க அல்ல. அடுத்தவனிடம் "நீயும் குறை" என்று சொல்லும் யோக்கியதைக்காக.

ஏப்ரல் 19

1773. மூத்த அதிகாரிகள் ஏழு பேர் மனுவோடு வந்து, சீர்திருத்தத்தை நிறுத்து, அதை நடத்தும் அதிகாரி தக்கெனோமாதாவை நீக்கு என்று மல்லுக்கு நின்றார்கள். உள்ளே போக எழுந்த யோசானின் ஆடையைப் பிடித்து நிறுத்தியதாகவும் சொல்வார்கள். விசாரித்தார், இரண்டு பேருக்கு செப்புக்கு, அதாவது தன் வயிற்றைத் தானே கிழித்துச் சாகும் தண்டனை. அப்போது அவருக்கு 22 வயதுகூட நிரம்பவில்லை. 'நல்லவர்' கதைகளில் இந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்டிவிடுகிறார்கள்.

ஏப்ரல் 23

தக்கெனோமாதாவின் பெரிய திட்டம்: அரக்கு மரம், முசுக்கட்டை, காகிதம் செய்யும் கோசோ, ஒவ்வொன்றிலும் பத்து லட்சம் கன்று. அரக்கு மரத்துக் காயில் மெழுகு எடுத்து விற்பதாக எண்ணம். மேற்கு ஜப்பானின் ஹாசே மரத்து மெழுகு தரத்தில் முந்திக்கொள்ள, அது படுத்துவிட்டது. 1782-இல் தக்கெனோமாதாவின் பதவியும் போனது. காப்பாற்றியது முசுக்கட்டைதான்: பட்டுப்புழு, நெசவு. சாமுராய் வீட்டுப் பெண்கள் தறியில் உட்கார்ந்தார்கள். எச்சிகோ பகுதியிலிருந்து நெசவு தெரிந்தவர்களை வரவழைத்துச் சொல்லிக்கொடுத்தார்கள். கடன் பெரும்பாலும் தீர்ந்தது 1823-இல், யோசான் இறந்த மறு வருடம்.

மே 3

ஃபுகுஷிமாவிலிருந்து இதாயா கணவாயைத் தாண்டி யோனெசாவா போய்வந்தேன். உகோகி வேலி பார்க்கத்தான். முள்செடி, வேலிக்கு வேலி, தளிர் கீரைக்குக் கீரை. பஞ்சத்துக்கு ஆகும் என்று யோசான் இதை நடச்சொன்னார். 1802-இல் வெளியான 'கத்தெமோனோ' என்ற கையேடும் அதே புத்திதான்: சுமார் 80 காட்டுச் செடிகள், ஜப்பானிய அகரவரிசையில், எதை வேகவைப்பது, எதை நீரில் ஊறவைத்துக் கசப்பெடுப்பது என்று. தளிரை நறுக்கிச் சோற்றில் கலந்து கொடுத்தார்கள். நல்ல கசப்பு, அடிநாக்கில் நிற்கிறது.

கடைத்தெரு முழுக்க ஆனால் யோனெசாவா மாட்டிறைச்சி விளம்பரம். யோசான் 1776-இல் நிறுவிய கோஜோகான் பள்ளிக்கு 1870-களில் ஆங்கிலம் கற்பிக்க வந்த சார்லஸ் ஹென்றி டல்லாஸ் இந்த ஊர் மாட்டின் ருசியில் மயங்கி, யோகோஹாமாவுக்கு ஒன்றை ஓட்டிப்போனார். அதிலிருந்து பிடித்த பெயர் இது. ஒரு தொடுகறிக்கு மேல் தொடாத மனிதரின் பள்ளிக்கூடம்! விலைப்பட்டியலைப் பார்த்துவிட்டு நான் உகோகிச் சோற்றோடு எழுந்துவிட்டேன்.