குட்டி புக்கும் ஜெராக்ஸ் உரிமையும்

நாமே எழுதி, மடித்து, படியெடுக்கும் சின்னப் புத்தகத்தை ஆங்கிலத்தில் ஸீன் (zine) என்பார்கள், எங்கள் வகுப்பில் அது குட்டி புக். ஏ4 தாளை எட்டுக் கட்டமாக மடித்து நடுவில் ஒரு வெட்டு வெட்டினால் போதும், ஸ்டேப்ளர்கூட வேண்டாம், விரித்தால் எல்லாப் பக்கமும் ஒரே முகத்தில் இருப்பதால் ஒரே ஜெராக்ஸ். ஆனால் மேல் வரிசையைத் தலைகீழாக எழுத வேண்டும், இதை விளக்குவதற்குள் பாதி பீரியட் போய்விடும், அதனால் முதலில் மடித்துப் பக்க எண் போட்டுவிட்டு அப்புறம் விரிக்கச் சொல்கிறேன். பென்சில் எழுத்து ஜெராக்ஸில் வெளுத்துவிடும், கறுப்புப் பேனாதான் சரி. ஓரத்தில் விரலகலம் விடாவிட்டால் எழுத்தை மெஷின் தின்றுவிடும்.

கடலூரில் அறிவியல் எடுக்கிறேன். கொசுவுக்கு முட்டை, லார்வா, பியூப்பா, முழுக்கொசு என்று நாலு நிலை, அட்டை போக மூன்று பக்கம் மிஞ்சும். பாடப்பகுதி எல்லோருக்கும் ஒரே மாதிரிதான், புத்தகத்தைப் பார்த்து எழுதுவார்கள். மிஞ்சிய பக்கங்களில்தான் பிள்ளைகள் தெரிவார்கள். ஒரு பையன் தன் தெருவில் தண்ணீர் தேங்கும் இடங்களையெல்லாம் எழுதியிருந்தான்: டயர், கொட்டாங்கச்சி, பக்கத்து வீட்டு ஃபிரிட்ஜின் பின்தட்டு. (அந்த வீட்டுக்காரர் படித்தாரா தெரியாது.) சார்ட்டும் ஜிகினாவும் என்றால் அம்மாக்கள் உட்கார்ந்து செய்து கொடுத்துவிடுவார்கள், இந்த மடித்த தாளை யாரும் தொடுவதில்லை, எனக்கு அது பெரிய நிம்மதி.

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் கரையைக் கடந்தது, பின்னாலேயே தென்பெண்ணையில் வெள்ளம். பள்ளி திறந்தபோது யாருக்கும் பாடம் ஏறாது என்று தெரிந்ததால் வெறும் தாளைக் கொடுத்தேன், எதை வேண்டுமானாலும் எழுதுங்கள் என்று. ஒரு பெண் எழுதி மடித்துக் கொண்டுவந்து, "மிஸ், இத ஜெராக்ஸ் போடாதீங்க" என்றாள்.

அன்றிலிருந்து எத்தனை பிரதி என்பதை எழுதியவரே முடிவு செய்கிறார், ஒன்றுகூட வேண்டாம் என்றாலும் சரி. இந்த வடிவமே பரப்புவதற்காக வந்தது என்பது உண்மைதான், 1930களில் அமெரிக்க அறிவியல் புனைகதை ரசிகர்கள் தாங்களே படியெடுத்துத் தபாலில் அனுப்பிக்கொண்டார்கள். பக்கத்துப் புதுச்சேரியில் பாரதி 1908-லிருந்து நடத்திய 'இந்தியா' இதழ், பிரிட்டிஷ் பகுதிக்குள் வரத் தடை விழுந்ததும் 1910-ல் நின்றது. பிரதி எங்கே போகலாம் என்று அங்கே அரசாங்கம் தீர்மானித்தது, வகுப்பில் அதைத் தீர்மானிப்பது பெரும்பாலும் நாம்தான். நன்றாக எழுதினால் உடனே சுவரில் ஒட்டு, போட்டோ எடுத்து வாட்ஸ்அப் குரூப்பில் போடு. பாராட்டுதான் என்றாலும், பிள்ளையைக் கேட்டோமா?

கொசுப் புத்தகத்துக்கு மதிப்பெண் உண்டு. வெள்ளப் புத்தகங்களில் சிவப்பு மையே படவில்லை, ல, ள, ழ எல்லாம் எழுதியபடியே கிடக்கின்றன. தமிழய்யாவுக்கு இதில் வருத்தம். "பிழையோடவா சுவத்துல ஒட்டுவீங்க?" என்றார். ஒட்டவே இல்லையே ஐயா என்றேன்.