கரும்பலகையின் வலப்பக்கம்

தமிழய்யா மறைந்த செய்தி சென்ற மாதம் டொராண்டோவில் என்னை எட்டியபோது, முதலில் நினைவுக்கு வந்தது 1977ஆம் ஆண்டின் பேச்சுப் போட்டிதான். மனப்பாடம் செய்த உரையைப் பிசகின்றி முடித்த என்னிடம், பயமாக இருந்ததா என்று நடுவர் கேட்டார். "இல்லீங்க, பயமெல்லாம் ஏனுங்க" என்றேன். மாட்டுச்சந்தைப் பேச்சை மேடைக்குக் கொண்டுவரலாமா என்று அவர் ஒலிபெருக்கியிலேயே சொல்ல, அரங்கம் முழுவதும் சிரித்தது. அன்று அரங்கில் இருந்த உங்களில் சிலருக்கும் அந்தச் சிரிப்பு நினைவிருக்கலாம்.

மறுநாள் அய்யா பாடநூலைத் திறக்கவில்லை. அவ்வாண்டு காலமாகியிருந்த இயக்குநர் ஏ.பி. நாகராஜனைப் பற்றிப் பேசினார். சங்ககிரிக்கு அருகிலுள்ள அக்கமாப்பேட்டையில் பிறந்து, சிறுவயதிலேயே டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்து, பெண் வேடமிட்டு வளர்ந்தவர்; 1953இல் 'நால்வர்' படத்துக்கு எழுதி, அதில் தாமே நடித்தவர். 1965இல் 'திருவிளையாடல்' படத்தை எழுதி இயக்கி, நக்கீரராகவும் நடித்து, இறைவன் முன்னும் தளராத செந்தமிழைப் பேசிய அதே மனிதர்தான், 1957இல் 'மக்களைப் பெற்ற மகராசி'யில் சிவாஜி கணேசனுக்குக் கொங்குத் தமிழில் வசனம் எழுதினார் என்று அய்யா சொன்னபோது, வகுப்பில் ஒரு சத்தமும் இல்லை.

பிறகு கரும்பலகையின் நடுவே கோடிட்டு, இடப்பக்கம் "தாங்கள் எப்பொழுது வந்தீர்கள்?" என்றும், வலப்பக்கம் "நீங்க எப்பங்க வந்தீங்க?" என்றும் எழுதினார். சுண்ணக்கட்டிப் பொடி படிந்த விரலால் வலப்பக்கத்தைத் தொட்டு, என்னை எழுப்பி உரக்கப் படிக்கச் சொன்னார். மூன்று முறை படித்தேன். மூன்றாம் முறை என் குரல் நடுங்கவில்லை. நாகராஜனின் படங்களைப் பின்னாளில் நான் தேடித்தேடிப் பார்த்ததற்கும், இன்றுவரை தமிழில் எழுதுவதற்கும் அந்த ஒரு பாடவேளையே காரணம்.

ஆனால் முப்பத்தெட்டு ஆண்டுகளாக நான் பேசுவதெல்லாம் சங்கக் கூட்டங்களின் மேடைத் தமிழ். பலகையின் வலப்பக்கத்தை, ஏற்காட்டு மலை தெரியும் அந்த வகுப்பறையிலேயே விட்டுவிட்டு வந்திருக்கிறேன். துக்கம் விசாரிக்க அய்யாவின் வீட்டுக்குத் தொலைபேசியில் அழைத்து, "அவருடைய மறைவு எங்களுக்குப் பேரிழப்பு" என்றேன். அவருடைய மகள் சற்றுத் தயங்கி, மிகுந்த மரியாதையோடு கேட்டார்: "நீங்க எந்த ஊருங்க?"