உப்பு மலைக்குள் அம்மம்மாவின் கனவுகள்: நாங்கள் பட்ட பாடு

ஆஸ்திரியாவின் ஹால்ஸ்டாட் உப்புச் சுரங்கத்தில் இருக்கும் ‘மெமரி ஆஃப் மேன்கைண்ட்’ காப்பகத்துக்கு அம்மம்மாவின் கதையை ஒருவழியாக அனுப்பிவிட்டோம். மார்ட்டின் குன்ட்சே என்ற பீங்கான் கலைஞர் 2012இல் தொடங்கிய முயற்சி அது. அரசர்களும் அறிஞர்களும் மட்டுமல்ல, யாரும் தங்கள் கதையைக் கொடுக்கலாம். பீங்கான் தகட்டில் அச்சிட்டு, சூளையில் சுட்டு, மலைக்குள் வைத்துவிடுகிறார்கள். விண்ணப்பம், பணம், கடிதப் போக்குவரத்து எல்லாம் சிக்கலின்றி முடிந்தன. சிக்கல் முழுவதும் அதற்கு முன்னால்தான். தமிழில் எதையாவது அங்கே அனுப்ப நினைப்பவர்கள் படித்துவிட்டு இறங்குங்கள்.

அம்மம்மா யாழ்ப்பாணத்து வடகரையில் இருக்கும் மயிலிட்டிக்காரர். 1990 ஜூனில் போரால் ஊரே கிளம்பியபோது கிளம்பியவர். 2017இல் மயிலிட்டித் துறைமுகத்தை இராணுவம் விடுவித்தபோது அவர் உயிரோடு இல்லை. 2003இல், போர்நிறுத்தத்தால் யாழ்ப்பாணத்துக்கான ஏ9 வீதி திறந்திருந்த காலத்தில், அங்கே போன சின்ன மாமா அம்மம்மா சொல்லச் சொல்லத் தட்டெழுதி வைத்திருந்தார். அதில் பாதி கனவுகள். ஒரே கனவுதான் திரும்பத் திரும்ப வரும்: மயிலிட்டி வீட்டுக்குப் போகிறார், வாசல் திறந்திருக்கிறது, குசினியில் யாரோ மீன் குழம்பு வைக்கிறார்கள். “ஆர் நீங்கள்?” என்று அவர்கள்தான் அம்மம்மாவைக் கேட்கிறார்கள். குழம்பில் புளி கூடிவிட்டது என்று சொல்லிவிட்டு எழும்பிவிடுவாராம்.

மாமா அனுப்பிய கோப்பைத் திறந்தால் தமிழே இல்லை. ‘அம்மா’ என்ற சொல் நாலு ஆங்கில எழுத்தும் நடுவில் ஓர் அரைப்புள்ளியுமாக நின்றது. பாமினி எழுத்துரு! ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களைக் காட்டும் பழைய எழுத்துரு அது. அந்தக் காலத்தில் நம் ஆட்களில் பாதிப் பேர் அதில்தான் தட்டினார்கள். அந்த எழுத்துரு கணினியில் இல்லாவிட்டால் பக்கம் முழுவதும் குப்பைதான். பல்லாயிரம் ஆண்டு தாங்கும் பீங்கானைத் தேடிப் போன எங்களுக்கு, இருபது ஆண்டுக்கு முந்தைய கோப்பையே வாசிக்க முடியவில்லை.

எல்லாக் கணினிக்கும் பொதுவான யூனிகோடு முறைக்கு மாற்றித் தரும் இலவச மாற்றிகள் உண்டு, மாற்றியும் தருகின்றன. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். மூலத்தில் உண்மையான ஆங்கிலச் சொல் இருந்தால் அதையும் பாமினி என்று நினைத்துத் தமிழாக்கிவிடும். அம்மம்மா தலைக்கு மேல் கட்டியிருந்த தறப்பாளில் யு.என்.எச்.சி.ஆர். (ஐ.நா. அகதிகள் அமைப்பு) என்று போட்டிருந்ததைச் சொல்லியிருந்தார். மாமா அதை ஆங்கில எழுத்தில் தட்டியிருக்கிறார். மாற்றி அதை வாயில் நுழையாத ஒரு தமிழ்ச் சொல்லாக்கிவிட்டது. அது ஏதோ ஊர்ப்பெயர் என்று அம்மா அடித்துச் சொன்னார்! மாமாவைத் தொலைபேசியில் பிடித்த பிறகுதான் விளங்கியது. எந்த மாற்றியையும் நம்பி விட்டுவிடாதீர்கள். ஊரில் வாழ்ந்த ஒருவரை உட்கார்த்தி வரிவரியாக வாசிக்கச் சொல்லுங்கள்.

அடுத்தது அச்சுக்கடை. மியூனிக்கில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்தில் ஒரு கடையில் பக்கத்தை வடிவமைத்து பி.டி.எஃப். ஆக்கித் தரச் சொன்னோம். வந்ததைப் பார்த்ததும் எனக்குத் தலை சுற்றியது. கொம்புகள் எல்லாம் எழுத்துக்குப் பின்னால் போய் நின்றன, ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஒரு புள்ளி வட்டம். கடைக்காரர் அசையவில்லை. “கணினி எந்தப் பிழையும் காட்டவில்லையே” என்கிறார். தமிழ் தெரியாத கணினி எப்படிக் காட்டும்? ‘கொழும்பு’ என்று கையால் எழுதி அவருடைய அச்சுக்கு அருகில் வைத்துக் காட்டினேன். இரண்டும் ஒன்றுபோல்தான் இருக்கின்றன என்றார் அந்த மனிதர். பணத்தையும் திருப்பித் தரவில்லை.

கடைசியில் என் மகள் வீட்டிலேயே முடித்தாள். எழுத்துச் சரியாகத் தெரியும் நிரலில் பக்கத்தை அமைத்து, முழுப் பக்கத்தையும் உயர்தரப் படமாக மாற்றிவிட்டாள். படத்துக்குள் கொம்பு இடம்மாற வழியில்லை. தமிழ் அனுப்புபவர்களுக்கு நான் சொல்லக்கூடிய உருப்படியான யோசனை இதுதான். சுட்ட பீங்கானில் அழித்து எழுத முடியாது.

இதற்கிடையில் குடும்பத்துக்குள் ஒரு போர். அம்மம்மா வேலிச் சண்டை ஒன்றைப் பெயர் ஊரோடு சொல்லியிருந்தார். டொரோண்டோவில் இருக்கும் பெரியம்மா, “அந்தச் சனம் இப்பவும் இருக்குது, இதையெல்லாம் கல்லில் எழுதுறதோ?” என்று போனை வைத்துவிட்டார். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. பெயரை எடுத்தோம், வேலி மட்டும் இருக்கிறது. உயிரோடு இருப்பவர்களின் பெயர்களை முதலிலேயே பார்த்துவிடுங்கள், நாள்கள் மிச்சமாகும்.

ஹால்ஸ்டாட்டுக்கு நேரில் போனதும் உண்டு, அது இன்னொரு வயிற்றெரிச்சல். பயண முகவர் ஒருவர், சுரங்கச் சுற்றுலா டிக்கெட் எடுத்தால் காப்பகத்தையும் காட்டுவார்கள் என்று சொல்லி விற்றார். நாங்கள் போன சுற்றில் அந்த அறை இல்லவே இல்லை. காப்பகத்தைப் பார்க்க வேண்டுமென்றால் முன்கூட்டியே அவர்களிடம் நேரடியாக எழுதிக் கேளுங்கள், முகவரை நம்பாதீர்கள். ரயில் நிலையம் ஏரியின் அக்கரையில் இருக்கிறது, ஊருக்குப் படகில்தான் கடக்க வேண்டும். மாலையில் படகு சீக்கிரமே நின்றுவிடும், காலையிலேயே நேரம் பார்த்து வையுங்கள். சுரங்கத்துக்குள் கோடையிலும் சுமார் எட்டு டிகிரிதான், கம்பளிச் சட்டை இல்லாமல் வயதானவர்களைக் கூட்டிப்போகாதீர்கள்.

ஆனாலும் உள்ளே போனதில் அம்மாவுக்கு ஒரு நிம்மதி. கி.மு. 14ஆம் நூற்றாண்டு மரப்படிக்கட்டு ஒன்று அங்கே உப்புக்குள் அப்படியே இருந்திருக்கிறது. உப்புப் பாறை மெல்ல மெல்ல நகர்ந்து வெற்றிடங்களைத் தானே மூடிக்கொள்ளும் என்றும் வழிகாட்டி சொன்னார். மூடிக்கொண்டால் பிறகு எப்படி எடுப்பது என்று அம்மா கேட்டார். அதற்காகத்தான் பங்களிப்பவர்களுக்கு ஒரு சிறு பீங்கான் வில்லை தருகிறார்கள். ஏரியின் கரைக்கோடும் இடத்தைக் காட்டும் குறியும் அதில் இருக்கும்.

எங்கள் வில்லை வரவேண்டியிருக்கிறது. அது மூத்த பிள்ளையிடம்தான் இருக்க வேண்டும் என்று பெரியம்மா இப்போதே சொல்லிவிட்டார். தட்டெழுதியவன் நான் என்கிறார் சின்ன மாமா.