ஃபார்வர்ட் செய்வதற்கு முன்

கோலாலம்பூர் பக்கம் வேலைக்கு வரும் நம் ஊர்ப் பையன்களுக்கு நான் முதலில் ஒன்று சொல்லிவிடுவேன்: கைப்பேசியில் 'அந்த மாதிரி' படம் ஏதாவது கிடந்தால் விமானம் ஏறும் முன்பே அழித்துவிடு. மலேசியாவின் 2002 திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி ஆபாசப் படத்தைக் கைவசம் வைத்திருந்தாலே குற்றம். அபராதம் 10,000 ரிங்கிட்டில் தொடங்கி 50,000 வரை போகலாம், 5 ஆண்டு வரை சிறையும் உண்டு. அடுத்தவருக்கு அனுப்பினால் 1998 தொடர்பு பல்லூடகச் சட்டத்தின் 233-ஆம் பிரிவு பாயும். பல தளங்கள் இங்கே திறக்கவே திறக்காது.

சட்டம் சரி. சுற்றியிருக்கும் மனிதர்களைப் புரிந்துகொள்ளத்தான் எனக்கு நாளானது. நான் இருப்பது பண்டார் பாரு பாங்கியில், அக்கம்பக்கம் முழுக்க மலாய்க் குடும்பங்கள். ஒருநாள் அலுவலகத்தில் யாரோ ஒரு பெண்ணின் அந்தரங்கக் காணொளி மதியச் சாப்பாட்டு மேசையில் கைமாறியது. எங்கள் மூத்த சக ஊழியர், எல்லோரும் 'காக்' என்று கூப்பிடும் மலாய் அக்கா, அந்தப் போனை வாங்கி நாசி லெமாக் பொட்டலத்துக்குப் பக்கத்தில் கவிழ்த்து வைத்தார். "அடுத்தவர் ஆயிபை நாம் மூடினால், நம்முடையதை அல்லா மூடுவான்" என்றார். ஆயிப் என்றால் வெளியே தெரியக்கூடாத மானக்கேடு. மார்க்கத்திலிருந்து வரும் இந்த எண்ணத்தை நான் மனதார மதிக்கிறேன்.

ஆனால் அதே மேசையில் இரண்டு பேர், "அந்தப் பெண் ஏன் படம் எடுக்க விட்டாள்?" என்றுதான் கேட்டார்கள். வெளியே விட்டவன் யார் என்று ஒருவரும் கேட்கவில்லை. எனக்கு வயிறு எரிந்தது. மதுரையிலும் இதே கேள்வியைக் கேட்டு வளர்ந்தவன்தானே நான்!

மலாய்க்காரர்களிலேயே இதைத் தொட்டுப் பேசியவர்கள் உண்டு. யு-வெய் ஹாஜி சாரி 1993-இல் எடுத்த 'பெரெம்புவான், இஸ்தெரி டான் ஜாலாங்' ஆபாசப் படமல்ல. ஒரு பெண்ணின் இச்சையையும் அவளை ஆட்டிவைக்கும் ஆணையும் கிராமத்தின் நடுவே நிறுத்திய படம். நடத்தை கெட்டவளைக் குறிக்கும் அந்தக் கடைசிச் சொல்லைத் தலைப்பிலிருந்து எடுத்த பிறகே திரைக்கு வந்தது. சொல்லை எடுத்தார்கள், அந்தப் பார்வை மட்டும் அப்படியே இருக்கிறது.

அன்று மாலை எங்கள் வீட்டுப் பையன்களின் வாட்ஸ்அப் குழுவிலும் அதே காணொளி வந்தது. அனுப்பியவனைக் கூப்பிட்டு அழிக்கச் சொன்னேன். சட்டத்தைக் காட்டியதும் உடனே அழித்துவிட்டான். அப்புறம் அந்தப் பெண்ணைப் பற்றி ராத்திரி வெகுநேரம் அவனோடு பேசிக்கொண்டிருந்தேன்.